சூடானில் கொசு இல்லை என்று சொன்னவள்

2007-ஆம் வருஷம், மே மாசம். தாம்பரம் மேற்குல பஸ் ஸ்டாண்டை ஒட்டின ஒரு சந்துல, ஒரு டிராவல்ஸ் கடையில நான் வேலை பார்த்துட்டு இருந்தேன். ரயில் டிக்கெட், பிளைட் டிக்கெட், பாஸ்போர்ட் ஃபாரம் நிரப்பறதுன்னு எல்லாம் செய்வோம். பத்துக்குப் பத்து கடை. ஒரு கம்ப்யூட்டர், மூணு நாற்காலி, சுவர் முழுக்க ஒரு உலக மேப்.

அந்த மேப்புக்கு முன்னாடி உக்காந்துக்கிட்டு நான் பண்ணின அலம்பல் கொஞ்சநஞ்சம் இல்லைங்க. பி.ஏ. வரலாறு படிச்சுட்டு, குரூப் டூ பரீட்சை மூணு தடவை எழுதி, மூணு தடவையும் கோட்டை விட்டவ நான். வேலைதான் கிடைக்கல, படிச்சதெல்லாம் மண்டையில அப்படியே உக்காந்திருந்துச்சு. எந்த நாட்டைச் சொன்னாலும் தலைநகரம், நாணயம், ஓடுற ஆறு, எந்த வருஷம் யார்கிட்ட இருந்து விடுதலை வாங்குச்சு, எல்லாத்தையும் கடகடன்னு ஒப்பிப்பேன். டீ கொண்டு வர்றவர் வேணும்னே வாயில நுழையாத பேரா பார்த்து, "புர்கினா ஃபாசோவுக்குத் தலைநகரம் இன்னா மேடம்?"னு கேப்பார். உவாகடூகுன்னு சொல்றதோட விட மாட்டேன். அந்த நாட்டுக்கு முன்னாடி அப்பர் வோல்டான்னு பேரு, பிரெஞ்சுக்காரன் கையில இருந்துச்சுன்னு டீ ஆறுற வரைக்கும் பாடம் எடுப்பேன். முதலாளி வேற வர்றவங்க கிட்டல்லாம் "எங்க பொண்ணு நடமாடும் அட்லஸ்"னு சொல்லி ஏத்தி விட்டுட்டே இருப்பார். எனக்குத் தலை கால் புரியாது.

எங்க கடைக்கு மேல் மாடியில ஒரு அக்கா தையல் கடை வச்சிருந்தாங்க. முஸ்லிம் குடும்பம், வீடு குரோம்பேட்டை. மத்தியானம் ஆச்சுன்னா டிபன் பாக்ஸைத் தூக்கிக்கிட்டு நான் மாடி ஏறிடுவேன். அவங்க கொண்டு வர்ற குழம்புல பாதி என் சோத்துலதான் இருக்கும். அவங்க வீட்டுக்காரர் அபுதாபியில வெல்டர். எட்டு வருஷமா அவருக்கு டிக்கெட் போட்டது எங்க கடைதான். நான் அவரை பாய்னு கூப்பிடுவேன், அவர் என்னைத் தங்கச்சின்னு கூப்பிடுவார். அவங்களுக்கு ஒரே பொண்ணு. அந்தப் பொண்ணுக்கு நல்ல இடமா அமையணும்ங்கறதுதான் அந்த வீட்டுல ராப்பகலா ஓடுற பேச்சு.

முந்தின வருஷம் நவம்பர்ல ஒரு நாள், அபுதாபியில இருந்து பாய் கடைக்கு போன் பண்ணினார்.

"இன்னா தங்கச்சி, நல்லா கீறியா? ஒண்ணு கேக்கணும். கம்பெனி என்னை ஆறு மாசம் சூடானுக்கு அனுப்புது, எண்ணெய்க் குழாய் வெல்டிங் வேலை. அங்க போறதுக்கு முன்னாடி இன்னாவோ மஞ்சக் காய்ச்சல் ஊசி போடணும்னு ஒருத்தன் சொல்றான், தேவையே இல்லன்றான் இன்னொருத்தன். ஊசி போடணும்னா ஒரு நாள் முழுக்க அலையணும். நீதான் எல்லா நாடும் தெரிஞ்சவளாச்சே, நீ சொல்லு."

இப்ப நினைச்சாலும் எனக்கு உடம்பு கூசுது. நான் ஒரு நிமிஷம் கூட யோசிக்கல. நாற்காலியைச் சுத்தித் திருப்பி மேப்பைப் பார்த்தேன். சூடான் எங்க இருக்கு? எகிப்துக்கு நேர் கீழ. எகிப்து பாலைவனம், அப்ப இதுவும் பாலைவனம். அவ்வளவுதான் என் ஆராய்ச்சி.

"அய்யோ பாய், அந்த ஊசியெல்லாம் காங்கோ, பிரேசில் மாதிரி மழைக்காட்டுக்குப் போறவங்களுக்கு. சூடான் மணல் காடு. மணல்ல ஏது பாய் கொசு? சும்மா போங்க"ன்னு சொன்னேன். சொன்னதோட நிறுத்தினேனா? ஆப்பிரிக்காவிலேயே பெரிய நாடு அதுதான், தலைநகரம் கார்ட்டூம், அங்கதான் நீல நைலும் வெள்ளை நைலும் ஒண்ணா சேருதுன்னு ஐ.எஸ்.டி. காசுல அந்த மனுஷனுக்குப் பாடம் வேற எடுத்தேன். ரெண்டு ஆறு வந்து சேர்ற ஊர்ல கொசு இல்லைன்னு சொன்ன ஒரே அறிவாளி உலகத்துலேயே நானாத்தான் இருப்பேன். அவர் "அல்ஹம்துலில்லாஹ், ஒரு அலைச்சல் மிச்சம்"னு சொல்லிட்டு போனை வச்சார். போறப்ப யாரும் ஊசி பத்தி அவரைக் கேக்கவும் இல்ல.

பிப்ரவரியில பொண்ணுக்கு இடம் அமைஞ்சுது. மாப்பிள்ளை வீடு பம்மல். பையனுக்கு ரியாத்துல ஏசி மெக்கானிக் வேலை. லீவு நாப்பது நாள்தான். மே மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை பதினோரு மணிக்கு நிக்காஹ்னு முடிவாச்சு. அதுக்கடுத்த செவ்வாய்க்கிழமையே மாப்பிள்ளை திரும்பி ரியாத் போயாகணும், தேதியைத் தள்ளி வைக்க வழியே இல்ல. பாய் மாப்பிள்ளையை நேர்ல பார்த்ததில்ல. ஒரு போட்டோவும், போன்ல கேட்ட குரலும்தான்.

பாய்க்கு டிக்கெட் போட்டது நான்தான். வியாழக்கிழமை சாயங்காலம் கார்ட்டூம்ல ஏறி, அபுதாபியில பிளைட் மாறி, வெள்ளிக்கிழமை காலைல மீனம்பாக்கம். "நடுவுல ஒரு முழு சனிக்கிழமை இருக்குக்கா, பொண்ணுக்கு மருதாணி வைக்கறதைக் கூட உக்காந்து பார்ப்பார்"னு அக்கா கிட்ட சொன்னேன். அக்காவுக்கு வாயெல்லாம் பல்லு.

வெள்ளிக்கிழமை காலைல ஒன்பதரை மணி இருக்கும். மாடிப்படியில செருப்பு சத்தம் தடதடன்னு கேட்டுச்சு. அக்கா வந்து வாசல்ல நின்னாங்க, கையில போன், தோள்ல அளவு டேப்பு அப்படியே தொங்குது.

"ஏம்மா, அவரை ஏர்போர்ட்லயே புடிச்சு வச்சிட்டாங்களாம்மா. கொழுந்தன் போன் பண்றான். எதோ ஆஸ்பத்திரிக்கு வண்டியில ஏத்திக்கினு போறாங்களாம். எனக்குக் கை காலெல்லாம் ஓடல."

கஸ்டம்ஸ்ல எதாவது கேப்பாங்க, நான் வந்து பேசறேன்னு தைரியம் சொல்லி, அக்காவைக் கூட்டிக்கிட்டு எலெக்ட்ரிக் ட்ரெயின் ஏறினேன். எனக்கு அப்பவும் ஒண்ணும் உறைக்கல. நாடு நாடா தெரிஞ்ச நாம போனா ரெண்டு நிமிஷத்துல பேசி முடிச்சிடலாம்னுதான் மனசுல ஓடிட்டு இருந்துச்சு.

மீனம்பாக்கத்துல இறங்கி விசாரிச்சுப் போனா, அந்த ஆஸ்பத்திரி ஏர்போர்ட்டை ஒட்டி ஒரு காம்பவுண்டுல இருந்துச்சு. உள்ள பழைய ஓட்டு வீடு மாதிரி ஒரு கட்டடம். அதோட கதவு, ஜன்னல், வராண்டா, காத்து போற ஓட்டை வரைக்கும் எல்லாத்துக்கும் பொடிக் கம்பிவலை அடிச்சிருந்தாங்க. கேட்டுல பாயோட தம்பி தலையில கை வச்சு நின்னுட்டு இருந்தார். அண்ணனைக் கூட்டிட்டுப் போக வேன் வச்சுக்கிட்டு வந்தவர்.

கொஞ்ச நேரத்துல ஒரு டாக்டரம்மா வெளிய வந்தாங்க. காட்டன் புடவை, நெத்தியில பொட்டு, அம்பது வயசு இருக்கும். பொறுமையாத்தான் பேசினாங்க. மஞ்சள் காய்ச்சல் இருக்கிற நாட்டுல இருந்து ஊசி போட்ட அட்டை இல்லாம வர்றவங்களை, அந்த நாட்டை விட்டுக் கிளம்பின நேரத்துல இருந்து ஆறு நாள் தனியா வச்சுப் பார்த்துட்டுத்தான் வெளிய விடணும், அதுதான் சட்டம்னாங்க.

நான் முந்திக்கிட்டேன். "மேடம், சூடான்ல அந்தக் காய்ச்சலே கிடையாது மேடம். அது பாலைவனம்."

அவங்க என்னை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தாங்க. கையில இருந்த ஃபைலைத் திறந்து ஒரு பட்டியலை எடுத்துக் காட்டினாங்க. ஆப்பிரிக்க நாடுங்க பேரு வரிசையா அச்சடிச்சிருந்துச்சு. அவங்க விரல் கீழ இறங்கி ஒரு இடத்துல நின்னுச்சு. சூடான்.

அவங்க பாட்டுக்குச் சொல்லிட்டே இருந்தாங்க. சூடானோட வடக்குதான் மணல், தெக்க போனா கண்ணுக்கெட்டின தூரத்துக்கு வெள்ளை நைல் பரந்து கிடக்கிற சதுப்பு நிலம், உங்க ஆளு ஆறு மாசமா கொசுவலைக்குள்ள படுத்து வேலை பார்த்தது அங்கதான்னு. அந்தத் தெக்குப் பக்கம்தான் அப்புறம் தனி நாடாவே பிரிஞ்சு போச்சு. நான் பாலைவனம்னு ஒரே வார்த்தையில முடிச்சுக் கட்டின நாட்டுக்குள்ள ரெண்டு நாடு இருந்திருக்கு.

"அவருக்கு ஒண்ணும் இல்லியே டாக்டர், காய்ச்சல் கூட இல்லியே"ன்னு அக்கா அழ ஆரம்பிச்சாங்க.

"இப்ப இல்லம்மா. ஆறு நாள்ல வருமா வராதான்னு எனக்கும் தெரியாது, உங்களுக்கும் தெரியாது. இந்த நோயைப் பரப்புற கொசு நம்ம ஊர்ல வீட்டுக்கு வீடு இருக்கு. நோய் மட்டும்தான் இன்னும் இங்க வரல. ஒரே ஒருத்தரைக் கடிச்ச கொசு போதும். அமெரிக்காவுல இந்த நோயே இல்லாம இருந்துச்சு. ஆப்பிரிக்காவுல இருந்து அடிமைகளை ஏத்திக்கிட்டுப் போன கப்பல்லதான் அங்க போச்சு. ஊர் ஊரா செத்தாங்க."

அடிமை வியாபாரம் எனக்குப் பத்து மார்க் கேள்வி. எந்தக் கரையில இருந்து எந்தக் கரைக்கு, எந்த நூற்றாண்டு, யார் தடை பண்ணினாங்கன்னு தலைகீழா சொல்லுவேன். அந்தக் கப்பல் தண்ணிப் பீப்பாயில கொசு முட்டையும் போயிருக்கும்னு ஒரு நாளும் எனக்குத் தோணினதில்ல.

அப்பதான் அக்கா அந்தக் கேள்வியைக் கேட்டாங்க. "ஊசி போட்டிருந்தா வுட்டிருப்பீங்களா டாக்டர்?"

"போட்டிருந்தா இந்நேரம் வீட்டுல டீ குடிச்சிட்டு இருப்பார்ம்மா."

இப்ப அக்கா திரும்பி என்னைப் பார்ப்பாங்க, இப்ப கேப்பாங்கன்னு நின்னேன். அவங்க பார்க்கல. அந்த நவம்பர் போன் விஷயம் அவங்களுக்குத் தெரியாது. எனக்கும் அவருக்கும் மட்டும்தான் தெரியும். அந்த நேரம் பார்த்து வராண்டா கம்பிவலைக்கு உள்ள பாய் வந்து நின்னார். ரெண்டு வருஷம் கழிச்சுப் பார்க்கறோம், ஆளு கறுத்துப் பாதியா போயிருந்தார். அக்காவைப் பார்த்துக் கை ஆட்டினார். அப்புறம் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிஞ்சுக்கிட்டேன். புருஷனும் பொண்டாட்டியும் இருபது அடி தள்ளி நின்னுக்கிட்டு போன்ல பேசினாங்க. என்ன பேசினாங்கன்னு எனக்குக் கேக்கல, கிட்டப் போய்க் கேக்கற தெம்பும் இல்ல.

வாயிருந்தா வங்காளம் போகலாம்னு சொல்லுவாங்க. என் வாய் ஒரு மனுஷனை மீனம்பாக்கத்துலயே உக்கார வச்சிருச்சு. அவர் வெளிய வரணும்னா புதன்கிழமை ஆகும். நிக்காஹ் ஞாயித்துக்கிழமை. மண்டபம் பம்மல்ல. அந்த கேட்டுல இருந்து நாலஞ்சு கிலோமீட்டர் கூட இருக்காது.

சனிக்கிழமை அதை விட மோசம். பொண்ணு அழுது அழுது முகமெல்லாம் வீங்கிப் போய், "அத்தா இல்லாம எனக்கு நிக்காஹே வேணாம்"னு ஒரே பிடிவாதம். இன்னொரு பக்கம் மாப்பிள்ளை வீட்டுல யாரோ கிளப்பி விட்டுட்டாங்க, பொண்ணோட அப்பாவுக்கு ஆப்பிரிக்கா வியாதியாம், கவர்மெண்டே புடிச்சு அடைச்சு வச்சிருக்காம், இந்தச் சம்பந்தம் நமக்குத் தேவையான்னு. மாப்பிள்ளையோட அப்பா மத்தியானம் போன் பண்ணி, கொஞ்சம் யோசிக்கணும்னு சொல்லிட்டார். அக்கா தரையில உக்காந்து சுவத்துல சாஞ்சுட்டாங்க. கல்யாணமே நின்னு போச்சுன்னா? அதுவும் என்னால?

கிளம்பி மறுபடி மீனம்பாக்கம் ஓடினேன். டாக்டரம்மா டியூட்டி முடிஞ்சு கிளம்பிட்டு இருந்தாங்க. கேட்டுல நின்னு கையெடுத்துக் கும்பிட்டேன். அவரை வெளிய விடுங்கன்னு இந்த தடவை நான் கேக்கல. மாப்பிள்ளையோட அப்பா கிட்ட நீங்க ஒரு வார்த்தை பேசுங்க மேடம்னுதான் கேட்டேன். பேசணும்னு அவங்களுக்கு ஒரு கட்டாயமும் இல்ல. ஹேண்ட்பேகை மறுபடி மேஜையில வச்சிட்டு, தன்னோட சொந்த போன்ல இருந்தே பேசினாங்க. இவருக்கு நோய் இல்ல, இருந்தாலும் ஆளுக்கு ஆள் ஒட்டாது, நடுவுல கொசு வந்தாத்தான் உண்டு, பொண்ணு அவரைத் தொடக்கூட இல்ல, பயமே வேணாம் பெரியவரேன்னு பத்து நிமிஷம் நிதானமா எடுத்துச் சொன்னாங்க. போனை வச்சிட்டு என்னைப் பார்த்து, "நடத்தறேன்றாங்க. போய் வேலையைப் பாரு"ன்னாங்க. எனக்கு அவங்க கால்ல விழணும் போல இருந்துச்சு.

பொண்ணைச் சமாதானம் பண்ணினது பாய்தான். கம்பிவலைக்குள்ள இருந்து ஒரு மணி நேரம் போன்ல பேசினார். நிக்காஹ்ல பொண்ணு சார்பா அப்பாதான் உக்காரணும். தனக்குப் பதிலா தம்பி உக்காரட்டும்னு ஒரு தாள்ல எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். அந்தத் தாளை மடிச்சுச் சட்டைப்பையில வச்சுக்கிட்டு, கட்டின வேட்டியோட தம்பி கேட்டுல நின்னு தேம்பித் தேம்பி அழுதார்.

ஞாயித்துக்கிழமை நானும் போனேன். போகாம இருக்க முடியல, போகவும் கூசுச்சு. பொம்பளைங்க பக்கம் ஒரு தூண் ஓரமா உக்காந்தேன். பள்ளிவாசல் ஹஜ்ரத் ஓதி முடிச்சு, பொண்ணோட அப்பா சம்மதம் கேக்கற நேரம் வந்துச்சு. எழுதிக் கொடுத்த தாளே போதும், ஆனாலும் பாய் வாயால எல்லாரும் கேக்கட்டும்னு தம்பி செல்போனை மைக்குக்குப் பக்கத்துல பிடிச்சிருந்தார். ஸ்பீக்கர் ஒரு தடவை கீச்னு கத்திட்டு அடங்கிச்சு.

"எனக்கு முழு சம்மதம்"னு பாய் குரல் மண்டபம் பூரா கேட்டுச்சு. அவர் பேசறதோட கூடவே ஒரு பிளைட் கிளம்பற இரைச்சலும் போன்ல வந்துச்சு. பேச்சு அதுல அமுங்கிப் போச்சு. எல்லாரும் காத்துட்டு இருந்தோம். கொஞ்ச நேரத்துல அதே பிளைட் எங்க மண்டபத்துக்கு மேல இரைஞ்சுக்கிட்டுப் போச்சு. அம்புட்டு பக்கத்துல இருக்கார் அந்த மனுஷன். பொம்பளைங்க பக்கம் ஒருத்தர் பாக்கி இல்லாம முந்தானையை வாயில வச்சுக்கிட்டாங்க.

பந்தியில உக்காந்தேன். பிரியாணி முன்னாடி ஆவி பறக்குது, கை போகல. அக்கா வந்து என் பக்கத்துல உக்காந்து, தாளிச்சாவை எடுத்து என் இலையில ஊத்தினாங்க.

"ஏம்மா துன்னாம உக்காந்துக்கினு கீற? மூணு நாளா ஓடி ஓடித் தேய்ஞ்சு போயிட்ட. எனக்கு எல்லாம் தெரியும். அப்பவே போன்ல நீ படிச்சுப் படிச்சு சொன்னியாமே, ஊசி போட்டுக்கினு போங்க பாய்னு. இந்த மனுஷன்தான் சோம்பேறித்தனமா வுட்டுட்டேன்னு சொல்லி அழுதாரு. உன் பேச்சைக் கேட்டிருந்தா இன்னிக்கு இங்க இருந்திருப்பாரு."

காதுல விழுந்ததை நம்பவே முடியல. வெள்ளிக்கிழமை வராண்டாவுல நின்னு போன்ல அவர் பேசினது இதுதானா? தன் மேல பழியைப் போட்டுக்கிட்டது மட்டும் இல்ல, என்னை நல்லவளாவும் ஆக்கி விட்டிருக்கார். பதிலுக்கு நான் அங்கயே உண்மையைச் சொல்லியிருக்கணும். சொல்லல. நாலு பேர் கூடியிருக்கிற இடத்துல எதுக்குன்னு எனக்கு நானே சால்ஜாப்பு சொல்லிக்கிட்டு, அந்தப் பிரியாணியை முழுங்கினேன். அப்படி ஒரு கோழை நான்னு அன்னிக்குத்தான் எனக்கே தெரிஞ்சுது.

செவ்வாய்க்கிழமை மாப்பிள்ளை பிளைட் ஏறிட்டார். பாய் இருந்த கட்டடத்தைத் தாண்டித்தான் ஏர்போர்ட்டுக்குள்ள போயிருப்பார். பொண்ணைக் கட்டினவரை நேர்ல பார்த்துக் கை கொடுக்க, பாய்க்கு அதுக்கப்புறம் ஒன்றரை வருஷம் ஆச்சு.

புதன்கிழமை சாயங்காலம் பாயை விட்டாங்க. அவர் தம்பியோட நானும் கேட்டுல போய் நின்னேன். டாக்டரம்மா வாசல் வரைக்கும் வந்தாங்க. நிக்காஹ் அன்னிக்கு வார்டுல வேலை செய்யற அம்மா ஒருத்தங்க வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு வாங்கி வந்து கொடுத்ததையும், சம்மதம் சொல்லி முடிச்சதும் சர்க்கரை எடுத்து வந்து எல்லாருக்கும் வாயில போட்டதையும் சொல்லிட்டு வந்தார் பாய். தம்பி வேன் எடுத்துட்டு வரப் போனார். நானும் பாயும் மட்டும் கேட்டு ஓரமா நின்னோம்.

"ஏன் பாய் அப்படிச் சொன்னீங்க?"ன்னு கேட்டுட்டேன்.

அவர் கோவப்படுவார்னு நினைச்சேன். கோவப்பட்டிருந்தா நல்லா இருந்திருக்கும். பெட்டியைக் கீழ வச்சிட்டு மெதுவாத்தான் பேசினார்.

"உன் கடைக்கு மேலதான் அவ கடை. படியேறும்போதெல்லாம் உன் மூஞ்சில முழிக்கணும். நான் வருசத்துக்கு ஒரு மாசம் கூட இங்க இருக்கறதில்ல, அவகூட உக்காந்து சோறு துன்றது நீதான். அதையும் நான் எதுக்குக் கெடுக்கணும்? டாக்டரைக் கேக்க வேண்டியதை டிக்கெட் போடுற பொண்ணைக் கேட்டது என் தப்பு."

அப்புறம் என் பக்கம் திரும்பி, "அத்த வுடு. நீ நிக்காஹ்ல இருந்தல்ல? எம் பொண்ணு எப்படி இருந்துச்சு? இன்னா கலர் சேலை? சிரிச்சுதா, அழுதுக்கினே இருந்துச்சா?"ன்னு ஆசையா கேட்டார்.

பொண்ணு மணவறையில உக்காந்திருந்தா, நான் பத்தடி தள்ளி இருந்தேன். ஆனா குத்தம் செஞ்ச நெஞ்சோட அந்தப் பொண்ணு முகத்தை நான் நிமிர்ந்து பார்க்கவே இல்ல. சேலை பச்சையா சிவப்பா, எனக்கு நிஜமாவே தெரியாது.

"தெரியல பாய்"னேன்.

அவர் கண்ணு பொசுக்குனு நிறைஞ்சு போச்சு. துண்டால முகத்தைத் துடைச்சுக்கிட்டு ரோட்டைப் பார்த்து நின்னுட்டார். ஆறு நாளா அடக்கி வச்சிருந்த அழுகை அவ்வளவும் எனக்கும் வந்துச்சு. கேட்டுல உக்காந்து ஓன்னு அழுதேன், வாட்ச்மேன் ஓடி வந்து தண்ணி கொடுத்தார்.

குரோம்பேட்டை வீட்டு வாசல்ல வேன் நின்னதும் பொண்ணு ஓடி வந்து அவரைக் கட்டிக்கிச்சு. கையில மருதாணி இன்னும் சிவப்பா இருந்துச்சு. இதுக்கு மேலயும் பேசாம இருந்தா நான் மனுஷியே இல்லன்னு தோணுச்சு. பாய் வேணாம் வேணாம்னு கண்ணைக் காட்டினார். நான் கேக்கல. அந்த வாசல்லயே நின்னு, நவம்பர்ல என்ன கேட்டார், நான் என்ன சொன்னேன், எல்லாத்தையும் ஒண்ணு விடாம சொல்லிட்டேன்.

பொண்ணு ஒரே வார்த்தைதான் கேட்டுச்சு. "ஏன்க்கா?" அக்கா திரும்பி உள்ள போயிட்டாங்க. அவங்க அன்னிக்கு என்னைத் திட்டித் தீர்த்திருந்தா கூட தேவலை. மூணு மாசம் நான் கீழ தனியா உக்காந்து சாப்பிட்டேன். மேல மெஷின் ஓடுற சத்தம் மட்டும் கேக்கும். ரம்ஜான் நோன்பு ஆரம்பிச்ச நாலாம் நாள், மாடிப்படியில இறங்கி வந்து நோன்புக் கஞ்சித் தூக்கை என் மேஜையில வச்சாங்க. "மண்டபத்துலயே சொல்லியிருந்தா அங்கயே ரெண்டு அறை வுட்டுட்டு மறந்திருப்பேன். பொய்யி சொல்லிக்கினு என் கையால சோறு துன்னியே, அதான் ஆறல"ன்னாங்க. அந்தக் கஞ்சியை அழுதுக்கிட்டேதான் குடிச்சேன்.

அதுக்கப்புறம் நிறைய வருஷம் ஓடிப் போச்சு. பாய்க்கு இப்ப பேரன் பேத்தி இருக்காங்க. எங்களுக்குள்ள பேச்சு வார்த்தை எல்லாம் பழையபடி ஆயிடுச்சு. நானும் இன்னும் அதே தொழில்லதான் இருக்கேன், வர்றவங்க இன்னும் என்னை நம்பித்தான் கேக்கறாங்க. எத்தனையோ தலைநகரத்தை நான் ஒப்பிச்சிருக்கேன், அதனால யாருக்கும் ஒரு பிரயோஜனமும் இருந்ததில்ல. "தெரியாதுங்க, விசாரிச்சுச் சொல்றேன்"னு சொல்ல ஒரு வினாடிதான் ஆகும். அந்த ஒரு வினாடியை நான் அன்னிக்கு எடுத்துக்கல, அதனால ஒரு அப்பா தன் ஒரே பொண்ணு கல்யாணத்தை, கூப்பிடு தூரத்துல கம்பிவலைக்குள்ள உக்காந்து, போன்ல கேட்டார்.